நறுக்கின் பின்பக்கம்

நாற்பது நிமிடம் என்று சாயப் பெட்டியில் போட்டிருக்கிறது. அதற்கு மேல் போனால் நெற்றியில் கறை பிடிக்கும், எலுமிச்சம்பழம் தேய்த்தாலும் போகாது, சாயங்காலம் ஜெயசிங் அண்ணன் மகள் கல்யாண வரவேற்பில் நான் நெற்றியைச் சுற்றிக் கறுப்பு வேலி போட்டுக்கொண்டு நிற்க வேண்டும். பதினொன்று பத்துக்கு வயலெட் அக்கா பழைய பல் பிரஷ்ஷால் என் பிடரியில் கடைசிக் கோட்டை இழுத்தாள். பதினொன்று ஐம்பதுக்குக் கழுவ வேண்டும். பன்னிரண்டு மணிக்கு அக்கா இல்லாமல் போய்விடுவாள். உயிருக்கு ஒன்றும் இல்லை, எங்கள் வீட்டுக் கொல்லைப்புறத்தில் எதிரே குத்துக்கல் மாதிரி உட்கார்ந்திருக்கிறாள், தலை முழுக்கச் சாயத்தோடு, நைட்டியை முழங்கால்வரை சுருட்டிவிட்டு, மடியில் முறத்தை வைத்து முருங்கைக்கீரை உருவிக்கொண்டிருக்கிறாள். இல்லாமல் போகப்போவது இணையத்தில் அவளைப் பற்றி இருக்கும் பதினான்கு வரிக் கட்டுரை. பெட்டிக்குள் ஒரு ஜோடி கையுறைதான் இருந்தது, அதை அக்கா எடுத்துக்கொண்டாள், அவள் தலைக்கு நான் வெறுங்கையால் பூசினேன், அதனால் என் பத்து விரலும் கரி. போனை ஸ்டூலில் சாய்த்து வைத்து, விரலை மடக்கி மொட்டியால் தட்டித் தட்டிப் பார்க்கிறேன். பதினொன்று பதினாறு. புதிதாக ஒன்றும் இல்லை. நீக்கலாம் என்று மூன்று பேர், வைத்துக்கொள்ளலாம் என்று இரண்டு பேர், காலையில் இருந்தது அப்படியே இருக்கிறது. "ஏட்டி சுகி, என்னட்டி அந்தப் போனையே மொறச்சிக்கிட்டு இருக்க? தலைய ஆட்டாத, காதுல வழியுது பாரு" என்கிறாள் அக்கா. வழியட்டும். காதைக் கழுவிக்கொள்ளலாம்.

அந்தக் கலைக்களஞ்சியத்தில் யார் வேண்டுமானாலும் எழுதலாம், யார் எழுதியதை யார் வேண்டுமானாலும் திருத்தலாம், யாருக்கும் சம்பளம் கிடையாது, அதனால்தானோ என்னவோ எங்களுக்குள் சண்டைக்குக் குறைவே இல்லை. பதினொரு வருஷமாக அங்கே என் பெயர் எல்லைக்கல். சுகிர்தா என்ற பெயரில் நில அளவை அலுவலகத்தில் வரைவாளராக இருபத்தெட்டு வருஷம் மற்றவர்கள் நிலத்துக்குக் கோடு போடுகிறேன், எல்லைக்கல் என்ற பெயரில் மற்றவர்கள் கட்டுரைக்குக் கோடு போடுகிறேன், இரண்டுமே ஒரே வேலைதான். அங்கே எழுதுகிறவர்களுக்கு மேலே நிருவாகிகள் என்று பத்துப் பதினைந்து பேர் உண்டு, அதில் நானும் ஒருத்தி. ஒரு கட்டுரை வேண்டாம் என்று யாராவது வேண்டுகோள் வைத்தால் ஏழு நாள் விவாதம் நடக்கும், ஏழாம் நாள் ஒரு நிருவாகி வந்து எல்லாவற்றையும் படித்து, இருக்கட்டும் என்றோ நீக்கு என்றோ முடித்துவைப்பார். தலையை எண்ணி முடிப்பதில்லை, சான்றை எடை போட்டு முடிப்பது. அந்த முடித்துவைக்கும் பொத்தான் இதோ என் போனிலும் இருக்கிறது. கட்டுரையின் தலைக்கு மேல், சின்னதாக, சாம்பல் நிறத்தில். விரல் மொட்டியால் ஒரு தட்டு. அக்கா இருப்பாள். தட்டக்கூடாது. ஏன் தட்டக்கூடாது என்று விளக்கும் பக்கத்தைத் தமிழில் எழுதியதே நான்தான். நலமுரண் என்று தலைப்பு. உங்களுக்கோ உங்கள் உறவினருக்கோ நண்பருக்கோ முதலாளிக்கோ தொடர்புள்ள கட்டுரையில் கை வைக்காதீர்கள், தொடர்பை வெளிப்படையாகச் சொல்லுங்கள், சொல்ல வேண்டியதைக் கட்டுரைக்கென்று இருக்கும் பேச்சுப் பக்கத்தில் சான்றோடு வையுங்கள், மற்றவர்கள் முடிவு செய்யட்டும். அழகாகத்தான் எழுதியிருக்கிறேன். தனசிங் காலையில் காபியை வைத்துவிட்டுக் கேட்டார், "நீதான அங்க பெரிய ஆபீசரு. ஒரு பட்டனத் தட்டிட்டுப் போவியா, வாரம் பூராவும் மூஞ்சத் தூக்கி வச்சிக்கிட்டு." கட்டிய புருஷன் கேட்கிற கேள்வி. இருபத்தேழு வயதில் எங்கள் அலுவலகத்தில் எஸ்தர்ராஜ் சார் என்னைக் களக்காட்டுப் பக்கம் அனுப்பினார், அளக்கப் போன தோட்டம் எங்கள் சித்தப்பாவுடையது என்று அங்கே போனபிறகுதான் தெரிந்தது. அளவுச் சங்கிலியைக் கீழே வைத்துவிட்டு அடுத்த பஸ்ஸில் திரும்பி வந்தேன். சித்தப்பா அதற்கப்புறம் என் கல்யாணத்துக்குக்கூட முகம் கொடுத்துப் பேசவில்லை. எனக்கு அதில் பெருமைதான். இப்போதும் பெருமைதான். பெருமையோடு மறுபடி போனைத் தட்டுகிறேன், அவ்வளவுதான். பதினொன்று இருபத்தொன்று.

நீக்கச் சொல்லி வேண்டுகோள் வைத்தவன் பெயர் கடுக்காய். அவனோ அவளோ, யாருக்குத் தெரியும், அவன் என்றே எனக்குப் பழகிவிட்டது, அந்தக் கசப்பு ஆம்பிளைக் கசப்பு. சென்னையில் எங்கோ இருக்கிறான். நாலு வருஷத்துக்கு முன்னால் ஒரு நாடகக் குழுவைப் பற்றி நீளமாக ஒரு கட்டுரை எழுதினான், படிக்க நன்றாகத்தான் இருந்தது, ஆனால் எனக்கு மூக்கில் வேர்த்தது. அந்தக் குழுத் தலைவர் வீட்டு முற்றத்தில் மழைக்காலத்தில் ஒத்திகை எந்த மூலையில் நடந்தது என்பதுவரை எழுதியிருந்தான். இவ்வளவு நெருக்கமாக ஒருவருக்கு எப்படித் தெரியும்? கேட்டேன். மறுபடி கேட்டேன். குழுத் தலைவர் தன் தாய்மாமா என்று ஒத்துக்கொண்டான். கட்டுரையின் நெற்றியில் நலமுரண் என்று பட்டை அடித்தேன். சான்று கொடு என்றேன். மாமா வைத்திருந்த நோட்டீஸும் நுழைவுச் சீட்டும்தான் இருக்கிறது என்றான். போதாது என்றேன். ஏழாம் நாள் அந்தக் கட்டுரையை நீக்கியது இந்த விரல்தான். "மாமாவுக்கு எண்பத்தொரு வயது. பார்த்துவிட்டுப் போயிருப்பார்" என்று என் பேச்சுப் பக்கத்தில் ஒரே ஒரு வரி எழுதினான். அதற்கு நான் என்ன பதில் எழுதினேன்? விதி எண்ணை எழுதினேன். விதி எண்ணை மட்டும் எழுதினேன், ஆண்டவரே. இப்போது சரியாக அதே விதி எண்ணைப் போட்டு அவன் அக்காவின் கட்டுரைக்கு நீக்கல் வேண்டுகோள் வைத்திருக்கிறான். பழி வாங்குகிறானா? பழி என்று எப்படிச் சொல்வது, அவன் எழுதியதில் ஒரு எழுத்துக்கூடத் தப்பு இல்லையே. கட்டுரைக்கு இருக்கும் ஒரே சான்று அக்கா படித்த பள்ளிக்கூடத்தின் ஆண்டு மலர், அது சுதந்திரமான சான்று இல்லை, வேறு சான்று இல்லையென்றால் கட்டுரை இருக்கக்கூடாது. அவன் இடத்தில் நான் இருந்தாலும் அதைத்தான் எழுதியிருப்பேன். வினை விதைத்தவன் வினை அறுப்பான். ஆனால் வினை விதைத்தது நான், அறுப்பது அக்கா தலையில் வந்து விழுகிறதே, அது எந்த ஊர் நியாயம்?

"கீரையில பூச்சி இருக்கு பாத்துக்கோ, நேத்து மழையில" என்கிறாள் அக்கா. கீரை உருவும் வலது கைச் சுண்டுவிரல் மட்டும் தனியாக வெளியே வளைந்து நிற்கிறது. எப்போதோ பந்து பட்டு முறிந்து, யாரும் கட்டுப் போடாமல் தானாகவே கோணலாகச் சேர்ந்துகொண்ட விரல். அறுபத்தொரு வயதில் இரண்டு முழங்காலும் போய்விட்டது, படி ஏற மாட்டாள், ஆனால் அந்த விரலைப் பார்த்தால் இவள் வாலிபால் ஆடினவள் என்று தெரிந்தவர்களுக்குத் தெரியும். தெரியாதவர்களுக்கு? அவள் புருஷன் வீட்டில் யாருக்கும் தெரியாது. தெரிந்தாலும் நம்பவில்லை. அத்தான் இருந்தவரை வீட்டுக்கு வருகிறவர்களிடம், "எங்க வீட்டம்மா இந்தியாவுக்கே வாலிபால் ஆடுனவங்களாம்" என்று சொல்லிவிட்டுச் சிரிப்பார், அந்த 'களாம்'-இல் அக்கா முகம் ஒவ்வொரு தடவையும் சுருங்கும். அப்புறம் வெள்ளம் வந்தது, ஆற்றங்கரையில் இருந்த அந்த வீட்டில் இடுப்பளவு தண்ணீர், அக்காவின் டிரங்குப் பெட்டி மெடலோடும் கோப்பையோடும் சர்டிபிகேட்டோடும் எங்கே போனதென்றே தெரியவில்லை. "இனிமே காட்டச் சொல்லி யாரும் கேக்க முடியாதுல்லா" என்று அத்தான் அதற்கும் ஒரு சிரிப்பு. அந்த ஒரு சிரிப்புக்காக அவரை நான் மன்னிக்கவில்லை, செத்த வீட்டிலும் மன்னிக்கவில்லை. மூன்று வருஷத்துக்கு முன்னால் முன்பின் தெரியாத யாரோ ஒரு விளையாட்டுப் பைத்தியம் பழைய ஆட்டக்காரிகளைப் பற்றி வரிசையாக எழுதும்போது அக்காவைப் பற்றியும் எழுதியது. நான் ஒரு கமா கூட வைக்கவில்லை. இவர் என் உடன்பிறந்த அக்கா, இந்தக் கட்டுரையைத் தொடமாட்டேன் என்று அன்றைக்கே என் பக்கத்தில் எழுதி வைத்தேன். அக்கா அந்தப் பதினான்கு வரியையும் கடையில் அச்செடுத்து லேமினேட் பண்ணி பீரோவில் ஒட்டினாள். அதைப் பார்த்துத்தான் சேலத்திலிருந்து அவளோடு ஆடின மெர்லின் முப்பது வருஷம் கழித்துப் போன் பண்ணினாள், இரண்டு பேரும் ஒரு மணி நேரம் பேசினார்கள், பேசினார்கள் என்பதைவிட அழுதார்கள். மருமகள் பெங்களூரில் தன் ஆபீஸ் முழுக்க அனுப்பி, "அத்தை, இவ்ளோ நாளா சொல்லவேயில்ல" என்றாளாம். "சொன்னேனே தாயி, யாரு கேட்டீங்க" என்றாளாம் அக்கா. இனி அதே பக்கத்தைத் திறந்தால் இந்தப் பக்கம் நீக்கப்பட்டது என்று ஒரு வரி வரும். போதிய சான்று இல்லாததால் என்று காரணமும் வரும். அத்தானின் சிரிப்பை நானே கட்டிக் காத்த விதி சிரிக்கும்.

சான்று இருக்கிறது, அதுதான் கொடுமை. அப்பா பேப்பரிலிருந்து வெட்டி ஒட்டின நறுக்கு, அவர் ஆல்பம் என் வீட்டில் இருந்ததால் வெள்ளத்துக்குத் தப்பியது. கோப்பையை மார்போடு அணைத்துக்கொண்டு அக்கா நிற்கிற படம், கீழே ஒரு வரி, 'கோப்பையுடன் அணித் தலைவி வயலெட்'. எந்தப் பேப்பர் என்று இல்லை, எந்தத் தேதி என்று இல்லை. அப்பா டிராயிங் மாஸ்டர், எதை வெட்டினாலும் ஸ்கேலும் பிளேடும் வைத்து நூல் பிடித்த மாதிரி வெட்டுவார், பேப்பர் பெயர் தேதி பக்க எண் செய்தி எல்லாம் அவருக்குக் குப்பை, படம் மட்டும் வேண்டும், படத்தைச் சுற்றி அரை அங்குலம் வெள்ளை விட்டு ஆல்பத்தின் கறுப்பு அட்டையில் மைதாப் பசை தடவி ஒட்டிவிட்டார். இவ்வளவு சுத்தமாக வெட்டாமல், எல்லா அப்பாவையும் போலக் கையால் கிழித்திருந்தால் ஒரு மூலையிலாவது தேதி இருந்திருக்கும். சுத்தம் சோறு போடும் என்பார்கள், எங்கள் வீட்டில் சுத்தம் சான்றைத் தின்றது. விவாதத்தின் நான்காம் நாள் பேச்சுப் பக்கத்தில் எல்லாவற்றையும் எழுதினேன். நான் தங்கை, நறுக்கு இருக்கிறது, தேதி இல்லை, இது சான்றாகாது என்று எனக்கே தெரியும், இருந்தாலும் படத்தை இணைக்கிறேன். மறுநாள் கடுக்காய் ஒரே ஒரு கேள்வி கேட்டான். நறுக்கின் பின்பக்கம் என்ன இருக்கிறது? எனக்கு முதலில் எரிச்சல் வந்தது. அப்புறம் அந்தக் கேள்வியை மறுபடி படித்தேன். பதினொரு வருஷம் சான்று சான்று என்று கத்தின எனக்கு அது தோன்றவே இல்லை, ஒரு தாளுக்கு இரண்டு பக்கம் உண்டு என்பது. ஆனால் பார்க்க வேண்டுமானால் ஆல்பத்திலிருந்து பிரிக்க வேண்டும், முப்பத்தொன்பது வருஷப் பசை, அக்காவுக்கு மிச்சம் இருப்பதே அந்த ஒரு தாள்தான். முந்தாநாள் சாயங்காலம் ஆல்பத்தோடு அவள் வீட்டுக்குப் போய்ச் சொன்னேன், கிழிஞ்சாலும் கிழிஞ்சுரும்க்கா என்றேன். அக்கா படத்தின் மேல் இருந்த தூசியை விரலால் துடைத்தாள். "கிழிஞ்சா கிழியட்டும்ட்டி. ஒட்டி வச்சே என்னத்தக் கண்டோம்" என்று எழுந்துபோய்த் தாம்பாளத்தில் வெதுவெதுப்பான தண்ணீர் கொண்டுவந்தாள். நான் மூலையில் நகத்தை வைத்தேன், எடுத்தேன். "நீ தள்ளு" என்று அவளே அந்தக் கோணல் சுண்டுவிரலை அட்டைக்கும் தாளுக்கும் நடுவே விட்டு, ஊதி ஊதி, மூலையிலிருந்து, அரை மணி நேரம். கிழியவில்லை. திருப்பினோம். அணை நீர்மட்டம் என்று பாதி அட்டவணை. அதற்குக் கீழே வானொலி நிகழ்ச்சிகள், வியாழன், காலை ஆறு மணிக்குப் பக்திப் பாடல்கள். "இதுக்காட்டி இம்புட்டுப் பாடு" என்றாள் அக்கா. நான் படம் எடுத்துப் பேச்சுப் பக்கத்தில் போட்டேன். அப்போதிலிருந்து கடுக்காயிடமிருந்து மூச்சு பேச்சு இல்லை. பதினொன்று முப்பத்திரண்டு.

இன்னொன்று இருக்கிறது, அதை யாரிடமும் சொன்னதில்லை, தலை அரிக்கிறபோது வருகிற நினைப்பு இது, சொறியவும் முடியாது. அக்கா வருஷா வருஷம் கிறிஸ்துமஸ் அன்றைக்குச் சாப்பிட்டுக் கை கழுவினதும் அந்தக் கதையைச் சொல்வாள். வடக்கே நல்ல குளிர், அகில இந்தியப் போட்டி, இறுதி ஆட்டம், ஐந்தாவது செட், அவர்கள் பதினாலு நாம எட்டு, இன்னும் ஒரு பாயிண்ட் போனால் தோல்வி, சர்வீஸ் இவள் கைக்கு வருகிறது, அதற்கப்புறம் பந்தை இவள் கையைவிட்டு யாரும் வாங்கவில்லை. கதை ஒரு வருஷம், "தொடர்ந்து எட்டுட்டி" என்று முடியும். இன்னொரு வருஷம், "ஒம்பது சர்வீஸ் போட்டேன்" என்று முடியும். எட்டா ஒன்பதா? பதினைந்து வயதிலேயே எனக்கு அது உறுத்தியது. பொய் சொல்கிறவர்களுக்குத்தான் எண்ணிக்கை மாறும் என்று நினைத்தேன். நினைத்தேன் என்று சொல்லக் கூச்சமாக இருக்கிறது, ஆனால் அதுதான் உண்மை, எல்லாரும் அத்தான் மாதிரி வெளியே சிரித்தார்கள், நான் உள்ளே சான்று தேவை என்று ஒரு சீட்டை எழுதி என் சொந்த அக்காவின் நெற்றியில் ஒட்டி முப்பத்தொன்பது வருஷம் வைத்திருந்தேன். பாசத்தால் என் தராசு சாய்ந்துவிடக்கூடாது என்று கட்டுரையைத் தொடாமல் இருந்தேனா, அல்லது அந்தக் கதை உண்மையாக இருக்காது என்ற பயத்தில் தொடாமல் இருந்தேனா? விதி நல்ல குடை, மழைக்கும் பிடிக்கலாம், தெரிந்தவர் எதிரே வந்தால் முகத்தை மறைக்கவும் பிடிக்கலாம். அக்கா கீரைக் காம்பை ஒடித்து என் காலடியில் எறிகிறாள். "என்னட்டி யோசன? கல்யாண வீட்டுக்கு அந்தப் பச்சப் பட்டுத்தான கட்டப்போற?" ஆமாக்கா என்கிறேன். அவளிடம் மணியைச் சொல்லவில்லை. விவாதம் நடக்கிறது என்று தெரியும், இன்றைக்குப் பன்னிரண்டோடு முடிகிறது என்று தெரியாது. சாயத்தோடு உட்கார்ந்திருக்கிற மனுஷியிடம் எப்படிச் சொல்வது.

பதினொன்று முப்பத்தெட்டு. யாராவது ஒரு நிருவாகி இப்போது எங்கோ உட்கார்ந்து காத்திருப்பார். செங்காந்தளாகத்தான் இருக்கும், சனிக்கிழமைகளில் அந்த அம்மாள்தான் வருவார், மணி அடித்தால் வேலையை முடிக்கிற ஆள், பன்னிரண்டு என்றால் பன்னிரண்டு. அதற்குள் நான் முடித்துவிட்டால்? கை ஸ்டூலுக்குப் போகிறது. கட்டுரையைத் திறந்திருக்கிறேன், எப்போது திறந்தேன்? அக்காவின் பெயர், அதன் தலைக்கு மேல் சாம்பல் பொத்தான். இருக்கட்டும் என்று ஒரு சொல். திங்கட்கிழமை என்னைக் கேள்வி கேட்பார்கள், நிருவாகிப் பதவியைப் பிடுங்குவார்கள், பிடுங்கட்டும், பதவி என்ன சோறா போடுகிறது. ஆனால் கட்டுரை? நான் தொட்ட கட்டுரை. தங்கை காப்பாற்றின கட்டுரை. அதற்கப்புறம் யார் அதைப் படித்தாலும் அந்த 'களாம்' கூடவே வருமே. வயலெட் என்று ஒரு ஆட்டக்காரி இருந்தாங்களாம், தங்கச்சி சொல்லுதாங்களாம். அக்காவைப் புருஷன் வீட்டுச் சிரிப்பிலிருந்து தூக்கி என் தயவில் உட்கார வைப்பதா? என் தயவு யாருக்கு வேண்டும். அவள் கோர்ட்டில் நின்று வாங்கினதை நான் கொல்லைப்புறத்தில் உட்கார்ந்து கொடுக்க முடியாது. மாட்டேன். தோற்றாலும் அவள் தன் காலில் நின்று தோற்கட்டும். கையை எடுத்துவிட்டேன். எடுத்த பிறகு பார்க்கிறேன், போன் கண்ணாடியில் சரியாக அந்தப் பொத்தான் மேல் ஒரு கறுப்பு ரேகை. பட்டதா? பட்டிருந்தால் உறுதி செய்யவா என்று கேட்டிருக்கும், கேட்கவில்லை, வெறும் கறைதான். நைட்டி ஓரத்தால் துடைத்தேன். துடைக்கும்போது போன் அதிர்ந்தது.

கடுக்காய். பேச்சுப் பக்கத்தில். வணக்கம்கூட இல்லை, அவன் எழுத்து எப்போதும் ஆபீஸ் குறிப்பு மாதிரிதான். 'நறுக்கின் பின்பக்கத்தில் வியாழக்கிழமை வானொலி நிரல் உள்ளது. போட்டி நடந்த 1986 சனவரியில் ஐந்து வியாழக்கிழமைகள். அப்போது அணை நீர்மட்டம் வெளியிட்டு வந்த நாளிதழ்கள் நான்கு. நேற்றும் இன்று காலையும் நூலகத்தில் இருபது பிரதிகளையும் வாங்கி வரிசையாகப் புரட்டினேன். பதினேழாவது பிரதியில் கிடைத்தது. சனவரி 23, ஆறாம் பக்கம் முன்புறம், ஐந்தாம் பக்கம் பின்புறம். நீர்மட்டம் அடி அங்குலம் வரை பொருந்துகிறது. முழுப் பக்கத்தின் படத்தை இணைத்துள்ளேன். இது சுதந்திரமான, நம்பகமான சான்று. நீக்கல் வேண்டுகோளைத் திரும்பப் பெறுகிறேன்.' திரும்பப் பெறுகிறேன். மறுபடி படித்தேன். திரும்பப் பெறுகிறேன். இருபது பிரதி, புழுதி, தும்மல், சனிக்கிழமை காலை, யாருக்காக? மாமாவை நீக்கினவளின் அக்காவுக்காக. கீழே இன்னும் இருந்தது. 'கட்டுரையில் இரண்டு ஆண்டுகள் தலைவி என்று உள்ளது, சான்று ஓராண்டுக்கே. திருத்திவிட்டேன். புகழ்பெற்ற என்ற சொல்லுக்குச் சான்று இல்லை. நீக்கிவிட்டேன்.' நீக்கு ராஜா, நீக்கு, ஒரு சொல் மிச்சம் வைக்காதே, நானாக இருந்தாலும் அதைத்தான் முதலில் வெட்டியிருப்பேன்! படத்தைத் திறந்தேன். அப்பா பிளேடால் வெட்டிப் போட்ட குப்பை முழுவதும் அங்கே இருந்தது, பேப்பர் பெயர், தேதி, படத்துக்குப் பக்கத்தில் ஒரு பத்தி நீளத்துக்குச் செய்தி. பெரிதாக்கினேன், கறுப்பு விரலாலேயே. 'ஐந்தாவது செட்டில் 8-14 என்று பின்தங்கியிருந்த நிலையில் அணித் தலைவி செல்வி வயலெட் தனது சர்வீஸில் தொடர்ந்து எட்டுப் புள்ளிகள் எடுத்து 16-14 என வெற்றி தேடித் தந்தார்.' எட்டு. தொடர்ந்து எட்டு. ஐயோ அக்கா. முப்பத்தொன்பது கிறிஸ்துமஸ், நீ ஒரு பாயிண்ட்கூடக் கூட்டிச் சொல்லவில்லை. கண்ணைத் துடைக்கப் போனேன், விரலில் சாயம், கன்னத்தில் ஒரு கோடு. பதினொன்று ஐம்பத்தாறுக்குச் செங்காந்தள் வந்து, 'வேண்டுகோள் திரும்பப் பெறப்பட்டது, கட்டுரை இருக்கும்' என்று முடித்துவைத்தார், மணிக்கு நாலு நிமிடம் முன்னதாக, அவர் வாழ்க்கையிலேயே முதல் தடவையாக இருக்கும். கடுக்காய் தன் குறிப்பின் கடைசியில் ஒரு வரி சேர்த்திருந்தான், அப்போதுதான் பார்த்தேன். 'மாமாவின் நோட்டீஸ்களுக்கும் பின்பக்கம் உண்டு.' சரி. நாளை வரை எதற்கு, இன்றைக்குக் கல்யாண வீட்டிலிருந்து வந்ததும் அவனுக்கு எழுதுவேன், விதி எண் போடாமல். அனுப்பு, ஒன்று விடாமல் இரண்டு பக்கமும் அனுப்பு, நான் தேடுகிறேன் என்று எழுதுவேன். முதலில் மன்னித்துக்கொள் என்று எழுதுவேன்.

"யக்கா" என்றேன். போனை அவள் முகத்துக்கு நேரே பிடித்தேன். கண்ணாடி இல்லாமல் அவளுக்குத் தெரியாது, நானே படித்தேன், செல்வி வயலெட் என்பதிலிருந்து 16-14 வரைக்கும், இரண்டு தடவை, சர்ச்சில் கல்யாண ஓலை வாசிக்கிற மாதிரி உரக்க. தனசிங் அடுக்களையிலிருந்து எட்டிப் பார்த்து, "நாப்பது நிமிசம் எப்பவோ ஆச்சு, ரெண்டு பேரு மண்டையும் வேகப்போவுது" என்று சத்தம் போட்டார். அக்கா முறத்தை இறக்கி வைத்தாள். ஆனந்தக் கண்ணீர் விடுவாள் என்று நினைத்தேன், விடவில்லை. கோணல் விரலை நீட்டி ஒருமுறை பார்த்தாள். "ஒங்கத்தான் இருந்து கேட்டுருக்கணும்" என்றாள். அப்புறம் சிரிக்க ஆரம்பித்தாள், தோள் குலுங்கக் குலுங்க, சாயம் நெற்றியில் வழிய, கோப்பையோடு நிற்கும் படத்தில்கூட அவள் அப்படிச் சிரிக்கவில்லை. என்னைக் குழாயடிக்கு இழுத்துக்கொண்டு போய்க் குனிய வைத்தாள். முழங்கால் வலிக்கிறவள் நிற்கிறாள், நான் குனிந்திருக்கிறேன், சொம்பு சொம்பாகத் தண்ணீர் விழுகிறது, சிமெண்டில் கறுப்பு ஓடுகிறது. "ஆனா ஒண்ணுட்டி" என்கிறாள் தலைக்கு மேலிருந்து, "நா போட்டது ஒம்பது." எனக்குச் சோப்பு கண்ணில் எரிகிறது. "பேப்பர்ல எட்டுன்னுல்லா போட்டிருக்கு" என்கிறேன். "பாயிண்ட்டு எட்டு. சர்வீஸு ஒம்பது. நடுவுல ஒண்ணு பின்கோட்டு மேலயே விழுந்துது, ஒரு லைன்மேன் உள்ளங்கான், ஒருத்தன் வெளியங்கான், ரெஃப்ரி ரெண்டு பேரையும் பாத்துட்டு மறுபடி போடுன்னுட்டாரு. போட்டேன். என்ன செய்ய?" ஒரு வருஷம் எட்டு, ஒரு வருஷம் ஒன்பது. இரண்டுமே உண்மை. இந்த ஒன்பதாவது எந்தப் பேப்பரிலும் இருக்காது, எந்தப் பின்பக்கத்திலும் இருக்காது, அதைக் கட்டுரையில் ஏற்ற இந்த ஜென்மத்தில் யாராலும் முடியாது, சான்று என்று சொல்ல எதிரே நிற்கிற இந்தக் கிழவியின் வாய்தான் இருக்கிறது. இருபத்தெட்டு வருஷம் கோடு போட்டவள் நான், கோட்டுக்கும் ஒரு அகலம் உண்டு என்று தெரிந்தவள். "கோட்டு மேல விழுந்தா உள்ளதானக்கா?" என்றேன். "உள்ளதாம்ட்டி" என்று அடுத்த சொம்பை ஊற்றினாள். அப்படியானால் ஒன்பது. சாயங்காலம் வரவேற்பில் நெற்றியில் கறுப்பு வேலியோடு நாங்கள் இரண்டு பேரும் பக்கத்தில் பக்கத்தில் நிற்போம், என்னம்மா இது என்று யாராவது கேட்பார்கள், கேட்கிற ஒவ்வொருவரிடமும் சொல்வேன், எங்கக்கா ஒன்பது சர்வீஸ் போட்டா என்று.